ஆற்றுக்குத் தெற்கே ஒரு கனவு

மயிலாப்பூரில் வளர்ந்த எங்களுக்கு அடையாறு ஆறுதான் ஊர் எல்லை. பாலத்தைத் தாண்டினால் வேற காற்று என்பாள் பாட்டி. திரு.வி.க. பாலத்தின் தென்கரையில் இடப்பக்கம் திரும்பி, தியசாபிகல் சொசைட்டி வாசலுக்குள் நுழைந்தால் அவள் சொன்னது புரியும். சாலை இரைச்சல் சட்டென்று அறுந்து போகும். காலடியில் சருகு நொறுங்கும். மரங்களுக்கு அந்தப்பக்கம் எங்கோ கடல் இரைவது கேட்கும்.

எழுபதுகளில் அப்பா அங்கே அடையாறு நூலகத்துக்குப் போவார். 1886-ல் கர்னல் ஆல்காட் தொடங்கிய நூலகம் அது, ஓலைச்சுவடிகளுக்குப் பேர்போனது. அவர் சுவடியில் மூழ்கிய பிறகு தோட்டம் முழுவதும் என்னுடையது. ஒரு பக்கம் தாமரைக் குளத்தோடு புத்தர் சன்னதி, வேறு பக்கம் சின்னஞ்சிறு மசூதி, கொஞ்சம் நடந்தால் மாதா கோயில் போல ஒரு தேவாலயம், பார்சிகளுக்கான ஆலயம். பாரத சமாஜக் கோயிலில் விக்கிரகமே கிடையாது, விளக்கு மட்டும்தான். கபாலி கோயிலின் கூட்டத்திலும் கற்பூர வாசனையிலும் வளர்ந்தவனுக்கு, சாமி இல்லாத அந்தக் கோயில் முன்னால் எப்படிக் கை கூப்புவது என்றே தெரியவில்லை. ஆனாலும் கூப்பினேன்.

ஹெலினா பிளாவட்ஸ்கி அம்மையாரும் ஆல்காட்டும் 1875-ல் நியூயார்க்கில் தொடங்கிய சபை, 1882-ல் இந்தத் தோட்டத்தை வாங்கிக் குடிவந்தது. அன்றைக்கு இது 27 ஏக்கர். பிறகு பல மடங்கு விரிந்தது. இதை ஒரு மதம் என்று சபையினர் ஒப்ப மாட்டார்கள். உண்மையைவிட உயர்ந்த மதம் இல்லை என்பதுதான் அவர்களுடைய வாசகம். ஆனால் 1909-க்கும் 1929-க்கும் நடுவில் இங்கே உருவானதை மதம் என்றுதான் நான் சொல்வேன். அதற்கு ஒரு தேவதூதன் இருந்தான். ஒரு வேதம் இருந்தது. புண்ணிய பூமி இருந்தது. அந்தப் பூமிக்குப் போக ஒரே வழி தூக்கம்.

மதனப்பள்ளியில் பிறந்த ஜிட்டு கிருஷ்ணமூர்த்தி பத்து வயதில் தாயை இழந்தவர். அப்பா நாராயணய்யா 1909 ஜனவரியில் சபையில் எழுத்து வேலைக்கு வந்தார்; பிள்ளைகளும் கூடவே வந்தார்கள். அந்த வருடமே அடையாறு கடற்கரையில் மெலிந்து நின்ற கிருஷ்ணமூர்த்தியைச் சபையின் மூத்தவர்களில் ஒருவரான லெட்பீட்டர் பார்த்தார். சுயநலத்தின் சாயலே இல்லாத ஒளி அவனைச் சூழ்ந்திருப்பதாகச் சொன்னார். உலக குரு வந்து தங்கப்போகும் உடல் இதுதான் என்று முடிவாயிற்று.

அதன் பிறகு நடந்தது எனக்கு இன்றும் வியப்பு. ஒவ்வோர் இரவும் தூங்கும் பையனைச் சூட்சும உடலில் திபெத்தில் உள்ள குதூமி என்ற மகாத்மாவின் வீட்டுக்கு அழைத்துப் போனதாக லெட்பீட்டர் எழுதியிருக்கிறார். பாடம் பதினைந்து நிமிடம். முடிவில் எல்லாவற்றையும் ஒரே வாக்கியத்தில் சுருக்கி மகாத்மா சொல்வாராம். காலையில் எழுந்து பையன் அதை நினைவிலிருந்து எழுத வேண்டும். அப்படிச் சேர்ந்த குறிப்புகள்தாம் 1910-ல் ‘அல்சியோனி’ என்ற புனைபெயரில் புத்தகமாயின. அதே வருட ஜனவரியில், சபைத் தலைவி அன்னி பெசன்ட் காசியில் இருந்தபோது, இங்கே அவருடைய அறையில் பையனைப் படுக்க வைத்து இரண்டு இரவுகள் தீட்சை நடந்தது. விழித்ததும் ஷம்பலா என்ற அந்தப் புண்ணிய பூமிக்குப் போய் வந்த கதையை அவன் எழுதினான்.

இதை அப்பா சொல்லக் கேட்ட பாட்டி துளியும் ஆச்சரியப்படவில்லை. “பூசலாருக்கு நடக்கலையா?” என்றாள். திருநின்றவூரில் காசில்லாமல் மனசுக்குள்ளேயே கல் சுமந்து கோயில் கட்டியவர் பூசலார். காஞ்சியில் மன்னன் கட்டிய கற்கோயிலுக்குக் குடமுழுக்கு குறித்த அதே நாளில் இவரும் குறித்துவிட்டார். சிவன் மன்னன் கனவில் வந்து, உன் நாளைத் தள்ளி வை என்றார். எங்கள் தெருவுக்கே ஒருவர் உண்டு, வாயிலார். மயிலாப்பூரில் பிறந்து, வாய் திறக்காமல் நெஞ்சுக்குள் கோயில் எழுப்பியவர். கபாலி கோயிலுக்குள் அவருக்குச் சன்னதி இருக்கிறது. கனவும் கோயிலும் பாட்டிக்கு ஒரே ஊர்க் கதைகள்.

அவள் பேச்சில் பாதியை நான் இன்றும் ஏற்கிறேன். மனசில் கட்டிய கோயில் பொய்க் கோயில் ஆகாது. ஆனால் பூசலார் கட்டியது அவருடைய கோயில். வேறு யாரும் அவர் கையில் செங்கல்லைத் திணிக்கவில்லை. அடையாற்றில் பெரியவர்கள் கண்ட கனவைத் தூங்கிக் காணும் வேலை ஒரு சின்னப் பையனுக்கு விழுந்தது. நாராயணய்யா பிள்ளைகளைத் திரும்பக் கேட்டு 1912-ல் வழக்குப் போட்டார். சென்னை உயர்நீதிமன்றத்தில் ஜெயித்தார். 1914-ல் லண்டன் பிரிவி கவுன்சிலில் அன்னி பெசன்ட் பக்கம் ஜெயித்தது. அந்த அப்பாவை நினைத்தால் எனக்கு இன்னும் மனசு பொறுக்கவில்லை.

1925 நவம்பரில் கிருஷ்ணமூர்த்தியின் தம்பி நித்யானந்தா கலிபோர்னியாவின் ஓஹாயில் காசநோயால் இறந்தார். அவர் பிழைப்பார் என்று மகாத்மாக்களின் பெயரால் உறுதி சொல்லப்பட்டிருந்தது. அண்ணன் அப்போது அடையாறு வந்துகொண்டிருந்த கப்பலில் இருந்தார். தந்தி வந்தது. பல நாள் அழுதபடியே பயணம் செய்தார். டிசம்பர் 28-ஆம் தேதி காலை, அடையாறு தோட்டத்து ஆலமரத்தடியில் கூட்டம். வரப்போகும் உலக குருவைப் பற்றி ‘அவர்’ என்று பேசிக்கொண்டே இருந்தவர், நடுவில் ‘நான்’ என்று பேசத் தொடங்கினார். கூட்டம் சிலிர்த்தது, குரு வந்துவிட்டார் என்று நம்பியது. நான் அந்த விழுதுகளுக்கு நடுவில் ஓடிப்பிடித்து விளையாடியவன். அதே மண்ணில் உட்கார்ந்து கண்ணீர் விட்ட அந்த ஜனங்களை ஏமாந்தவர்கள் என்று சொல்ல எனக்கு நா எழாது.

நான்கு ஆண்டுகளில் எல்லாம் முடிந்தது. 1929 ஆகஸ்ட் 3, ஹாலந்தின் ஓமன் முகாம். ஆயிரக்கணக்கானவர்கள் முன்னால், அன்னி பெசன்ட் உட்கார்ந்திருக்க, தனக்காக அமைத்த இயக்கத்தைக் கிருஷ்ணமூர்த்தி கலைத்தார். உண்மைக்குப் பாதை கிடையாது, எந்த மதமும் அங்கே கொண்டுபோய் விடாது என்றார். சொத்துக்களை உரியவர்களிடம் திருப்பித் தந்தார். தன்னைக் கடவுளாக்க வந்தவர்களிடம் வேண்டாம் என்று சொன்ன அந்த மனிதரை நினைத்து, அவர் நடந்த மண்ணில் வளர்ந்தவன் என்று நான் பெருமைப்படுவதுண்டு.

ஆலமரத்தின் தாய்மரம் 1989 புயலில் சாய்ந்தது. நான் விளையாடியபோது நடுவில் நின்றது அதுதான். இப்போது போகிறவர்கள் பார்ப்பது விழுதுகள் ஊன்றி நிற்கும் தோப்பை.

சபையை விட்ட பிறகும் கிருஷ்ணமூர்த்திக்குச் சென்னை வாசம் விடவில்லை. ஆற்றின் வடகரையில் கிரீன்வேஸ் சாலை வசந்த விஹார்தான் அவர் வீடு. மாலையில் மரங்களுக்கு அடியில் பேசுவார். அப்பாவோடு போய்த் தரையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறேன். வெள்ளை ஜிப்பா, நேரான முதுகு. யாரும் தன்னைப் பின்பற்ற வேண்டாம் என்று திரும்பத் திரும்பச் சொல்வார். ஆனால் அன்னி பெசன்ட் இறந்த 1933-க்குப் பிறகு, ஆற்றுக்கு அக்கரையில் கூப்பிடு தூரத்தில் இருந்த அந்தத் தோட்டத்துக்குள் 47 ஆண்டுகள் அவர் காலே வைக்கவில்லை. 1980-ல் சபைத் தலைவரான ராதா பர்னியர் அழைத்தபோதுதான் உள்ளே வந்தார். அந்தப் பாதைகளில் நடந்து கடற்கரைக்குப் போனார்.

அப்பா இந்தச் செய்தியைச் சொன்னதும் எனக்குத் தோன்றியது கேள்விதான். மதமே வேண்டாம் என்று கலைத்தவர் எதற்குத் திரும்ப வந்தார்? பாட்டியிடம் கேட்டேன். அன்னி பெசன்டை அவர் அம்மா என்றுதான் கூப்பிடுவார் என்பது அவளுக்குத் தெரியும்.

“வீட்டுக்குத்தானே வந்திருக்கான்” என்றாள், “மதத்துக்கா வந்தான்?”