பொல்பிட்டிய பஸ்ஸில் முன்கதவுப் பக்கம்

காலை ஆறரைக்கெல்லாம் பொல்பிட்டியவில் பஸ் நிரம்பிவிட்டது. பள்ளிப் பிள்ளைகள், டவுன் கடைகளில் வேலை செய்யும் பெண்கள், கிளினிக் கொப்பியோடு ஒரு கர்ப்பிணி. "இஸ்ஸரஹட்ட யன்ன, இஸ்ஸரஹட்ட" என்று கொண்டக்டர் ஆட்களை முன்னுக்குத் தள்ளிக்கொண்டே இருக்கிறார். லக்சபான பக்கம் ஏறும் வளைவுகளில் நிற்கிறவர்கள் மொத்தமாக ஒரு பக்கம் சாய்கிறார்கள். கை வைக்க வருகிறவனுக்கு இதைவிட வசதி ஏது? கேட்டால் ரோட்டின் மேல் பழியைப் போடலாம்.

என் பக்கத்தில் ஏ.எல். படிக்கிற பிள்ளை. பேக்கை முதுகில் போடாமல் நெஞ்சோடு அணைத்திருந்தாள். அதன் பட்டியில் ஒரு பெரிய ஊக்கு. அம்மா குத்திவிட்டதாம்.

"தெரியாம படுதா, வேணும்னு படுதான்னு எப்படித் தெரியும்?" என்றேன்.

"வளைவுல சாயிறவன் வளைவு முடிஞ்சதும் நிமிந்துருவான் அக்கா. இவனுங்க நிமிர மாட்டானுங்க."

ஐ.நா. சனத்தொகை நிதியம் 2017இல் வெளியிட்ட ஆய்வில், பஸ்ஸிலும் ரயிலிலும் தொந்தரவுக்கு ஆளானதாகச் சொன்ன பெண்கள் 90 சதவீதம். பொலிஸுக்குப் போனவர்கள் 4 சதவீதம். சட்டம் இல்லாமல் இல்லை. தண்டனைச் சட்டக்கோவையின் 345ஆம் பிரிவு, 1995 திருத்தத்தின்படி, இதற்கு ஐந்து வருடம் வரை சிறை என்கிறது. ஆனால் 2014 ஓகஸ்ட்டில் வாரியபொல பஸ் நிலையத்தில், தன்னைச் சீண்டினான் என்று ஒருவனை ஒரு பெண் அறைந்த வீடியோ நாடெங்கும் சுற்றியபோது, பொலிஸ் கைது செய்தது அந்தப் பெண்ணைத்தான். பிணையில்தான் வெளியே வந்தார்.

பின் சீட்டில் இருந்த தோட்டத்து அம்மாவிடம் முறைப்பாடு பற்றிக் கேட்டேன். சிரித்தார். "ஸ்டேசனுக்குப் போனா அன்னைக்குப் பேரு போயிரும், சம்பளம் இல்ல. அங்க சிங்களத்துல எழுதுவாங்க. என்ன எழுதியிருக்குன்னே தெரியாம கையெழுத்து வைக்கணும். அப்புறம் லயத்துல எவன்கூடப் பிரச்சினைன்னு கேப்பாங்க." அரச ஏடுகளில் இது இருமொழி நிர்வாகப் பகுதி. முறைப்பாட்டுப் புத்தகம் அதை இன்னும் கேள்விப்படவில்லை போலும்.

பஸ்ஸுக்குள் எழுதியிருந்ததையெல்லாம் வாசித்துப் பார்த்தேன். முன் சீட் மதகுருமாருக்கு, அடுத்தது கர்ப்பிணித் தாய்மாருக்கு, சாரதிக்கு மேலே பிள்ளையாரும் புத்தரும். பெண்கள் உதவிக்கு அழைக்கும் 1938 எங்கேயும் இல்லை. பஸ் முறைப்பாட்டுக்கு அழைக்கும் 1955, தேசிய போக்குவரத்து ஆணைக்குழுவின் இலக்கம். ஆனால் அந்த ஆணைக்குழுவின் பொறுப்பு மாகாணம் விட்டு மாகாணம் ஓடும் பஸ்கள். மாகாணத்துக்குள்ளேயே ஓடும் பஸ் மாகாண அதிகார சபையின் கீழ் வருகிறது. நெரிசலில் நிற்கிற பிள்ளை இதையெல்லாம் பிரித்துப் பார்த்தா போன் எடுக்க முடியும்?

நோர்ட்டனுக்குக் கிட்டே ஒரு குரல் வெடித்தது. "அண்ணே, கைய எடுங்க!" ஜன்னலோரத்து ஆண்களுக்குத் திடீரென்று தேயிலைமலை அழகாகத் தெரிய ஆரம்பித்தது. கொண்டக்டர்தான் வந்தார். ஒரு கேள்வியும் கேட்கவில்லை. அந்த ஆளின் தோளைப் பிடித்துப் பின்கதவு மிதிபலகைக்கு நகர்த்திவிட்டு, "டிக்கட், டிக்கட்" என்று வேலையைத் தொடர்ந்தார். பின்கதவுப் பக்கமும் பெண்கள் நிற்கிறார்கள். அடுத்த ஹோல்ட்டில் அந்த ஆள் சாவகாசமாக இறங்கிப் போனான்.

"பொலிஸ்ல விட்டிருக்கலாமே?" என்று கொண்டக்டரிடம் கேட்டேன்.

"பஸ்ஸ நிப்பாட்டினா இத்தன பேரும் என்னைத்தான் ஏசுவாங்க, மிஸ். டைமும் போயிரும். சத்தம் போட்டா எடத்த மாத்தி விடுவேன். அந்தப் பிள்ள சத்தம் போடலன்னா எனக்கு எப்படித் தெரியும்?" மிச்சக் காசைக் கையில் வைத்தவர், என் குறிப்புப் புத்தகத்தை ஒரு தடவை பார்த்தார்.

"எழுதுங்க. பஸ் நம்பர மட்டும் போட்டுறாதீங்க."