நாலு ஓட்டை ரிம்

மாருதி ஆம்னி 1984இல் ‘மாருதி வேன்’ என்ற பெயரில் வந்தது. 2019இல் உற்பத்தி நின்றது. ஆனால் காலை ஆறு மணிக்கு மயிலாப்பூர், மந்தைவெளி பக்கம் நின்று பார்த்தால் அது நின்றுபோன வண்டி என்று யாரும் சொல்ல மாட்டார்கள். பூக்கூடை ஏற்றிய ஆம்னி, பள்ளிக்கூடப் பிள்ளைகளை ஏற்றிய ஆம்னி, கச்சேரிக்கு மைக் செட் கொண்டுபோகும் ஆம்னி. மந்தைவெளியில் சமையல் கான்ட்ராக்ட் எடுக்கும் என் நண்பரிடம் இருப்பது 2009 மாடல். சீமந்தமோ அறுபதாம் கல்யாணமோ, எங்கே இலை போட்டாலும் அண்டாவும் கரண்டியும் அதில்தான் போகும்.

பதினைந்து வருடம் முடிந்து ஆர்.சி. புதுப்பிக்கும் நேரம் வந்தது. காருக்கு 600 ரூபாயாக இருந்த அந்தக் கட்டணத்தை 2022 ஏப்ரலில் 5,000 ஆக்கிவிட்டார்கள். அதைக் கட்டுவதற்கு முன் வண்டியைச் சரிபண்ணிக்கொள்ளலாம் என்று நண்பர் டயர் மாற்றப் போனார். டயரைக் கழற்றிய பஞ்சர் கடைக்காரர் ரிம்மின் உள்விளிம்பை நகத்தால் சுரண்டினாராம். துரு செதில் செதிலாக உதிர்ந்திருக்கிறது. “டயர் புதுசு போட்டுத் தரேன் சார், ஆனா காத்து நிக்காது. மொதல்ல ரிம்ம மாத்துங்க” என்று அனுப்பிவிட்டார்.

பட்டினப்பாக்கத்திலிருந்து அடிக்கும் உப்புக் காற்று போதாதென்று, கழுவிய பாத்திரத்தின் ஈரம் தினமும் வண்டிக்குள் சொட்டுகிறது. லஸ் முனையில் மெட்ரோ வேலைக்காகப் போட்ட இரும்புத் தகடுகளில் ஏறி இறங்கியதில் முன்பக்க ரிம் இரண்டும் நெளிந்தும் இருந்தன. தொழில்களைத் தேடிப்போய் எழுதுகிறவன் என்பதால் நண்பர் என்னையும் கூப்பிட்டார். புதுப்பேட்டையில் ‘ரிம் பாய்’ என்று ஒருவர் இருக்கிறார், அவர் கையால் ரிம் பொறுக்குவதைப் பார்க்க வேண்டும் என்று பஞ்சர் கடைக்காரர் சொல்லியிருந்தார்.

போகும் வழியில் ஜி.பி. ரோட்டில் ஒரு கடையில் நிறுத்தினோம். வரிசையாகத் தொங்கும் அலாய் வீல்கள் கண்ணைப் பறித்தன. விற்பனையாளர் பதிமூன்று அங்குல அலாய் ஒன்றை எடுத்துக் காட்டினார். அதில் எட்டு ஓட்டை. “ரெண்டு அளவுக்கும் ஓட்டை போட்டிருக்கான் சார். எல்லா வண்டிக்கும் பொருந்தும்.” நண்பருக்கு மனசு சாய்ந்துவிட்டது. விலைச் சீட்டை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

ஆதித்தனார் சாலையிலிருந்து உள்ளே திரும்பினால் புதுப்பேட்டை. நகரமே கழித்துப் போட்ட வண்டிகள் கதவாகவும் கண்ணாடியாகவும் கியர்பாக்ஸாகவும் பிரிந்து கிடக்கும் இடம். ஒரு சந்தின் கடைசியில், டீசல் மணத்துக்கு நடுவே, ரிம்கள் கூரை வரை அடுக்கியிருந்தன. அங்கே நாள் கூலிக்கு வேலை பார்க்கும் பாய்க்கு ஐம்பதைத் தாண்டிய வயது. நண்பர் சொன்ன முதல் வார்த்தையே “ஆம்னி ரிம் வேணும் பாய்.” அவர் கேட்ட முதல் கேள்வி, “வண்டில இன்னா ஏத்துவீங்க?”

ரிம் தேர்வு செய்வதில் நான் அன்று கற்ற முதல் பாடம் அதுதான். ஓட்டை, அளவு எல்லாம் அப்புறம். ஆம்னிக்குப் போடும் டயர் 145 ஆர் 12 எல்.டி. கடைசி இரண்டு எழுத்தும் அது சரக்கு வண்டி ரகம் என்பதற்கு அடையாளம். மாருதி 800க்கும் பன்னிரண்டு அங்குலம்தான், ஆனால் அது கார் டயர். டாடா ஏஸுக்கோ ஆம்னியின் அதே டயர் அளவு. ஆகவே ரிம்மும் மாற்றிப் போட்டுக்கொள்ளலாம் என்று நினைக்கத் தோன்றும். டயர் ஒன்றாக இருப்பதால் ரிம்மும் ஒன்றாகிவிடாது, ஒவ்வொன்றையும் அளந்து பார்த்துத்தான் சொல்ல முடியும் என்றார் பாய். பிறகு அழைத்துப்போய் அவருடைய சாதனத்தைக் காட்டினார்.

தரையில் சிமென்ட் போட்டு நட்ட ஓர் இரும்புத் தூண், இடுப்பு உயரம். அதன் தலையில், உடைத்த ஆம்னி ஒன்றிலிருந்து எடுத்த முன்சக்கர ஹப்பைப் பேரிங்கோடு பற்றவைத்திருக்கிறார். நாலு ஸ்டட் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டிருக்கின்றன. எண்ணெய் போட்டுப் போட்டு மரைகள் பளபளக்கின்றன. விரலால் தட்டினால் ஹப் சத்தமில்லாமல் வெகுநேரம் சுற்றுகிறது. பக்கத்தில் இன்னொரு சின்னத் தண்டு. அதன் நுனியில் கிளிப் வைத்து ஒரு சாக்பீஸ். இவ்வளவுதான் கருவி. தூணையும் ஹப்பையும் பற்றவைத்தது அவரே.

ரிம்மை முதலில் கையில் தூக்கி ஸ்பேனரால் தட்டுகிறார். நல்ல ரிம் கணீரென்று ஒலிக்கும். விரிசல் விட்டதும் வெல்டிங் விட்டதும் மொத்தென்று அடங்கிவிடும். இரும்பு ரிம் ஒரே துண்டு அல்ல. தகட்டுப் பட்டையை வளைத்து, முனைகளைப் பற்றவைத்து, உருளைகளுக்கு நடுவே ஓட்டி வெளிவளையம் செய்கிறார்கள். நடுத்தட்டைத் தனியாக அச்சில் அடித்து வளையத்தோடு பற்றவைக்கிறார்கள். 1960களில் இந்த நகரத்தின் பாடியில் வீல்ஸ் இந்தியா தொடங்கியதிலிருந்து இந்த வேலை சென்னைக்குப் பழக்கமானது. வளையமும் தட்டும் சேரும் அந்த வெல்டிங்கைச் சுற்றித்தான் பாயின் விரல் முதலில் போகிறது.

தட்டிப் பார்த்துத் தேறியதை ஹப்பில் ஏற்றுகிறார். நடு ஓட்டை ஹப்பின் மேட்டில் உட்கார வேண்டும். சின்னதாக இருந்தால் ஏறவே ஏறாது. பெரிதாக இருந்தால் ஏறிவிடும், அதுதான் ஆபத்து. பிறகு நாலு ஓட்டை. ஆம்னியில் எதிரெதிர் ஓட்டைகளின் நடுவிலிருந்து நடுவுக்கு 114.3 மில்லிமீட்டர். இந்த விசித்திரமான எண்ணுக்குக் காரணம் எளிது: நாலரை அங்குலம். பழைய ஸ்விஃப்டுக்கு 100 மில்லிமீட்டர். ஜிப்சிக்கு ஐந்து ஓட்டை, 139.7, அதாவது ஐந்தரை அங்குலம். ஐந்து ஓட்டை ரிம்மில் நேரெதிரே ஓட்டை இருக்காது என்பதால் பக்கத்துப் பக்கத்து ஓட்டைகளின் தூரத்தை அளந்து 1.7ஆல் பெருக்குகிறார். மனக்கணக்குத்தான்.

இரண்டு நட்டை எதிரெதிரே இறுக்கி ரிம்மைச் சுழற்றிவிட்டு, சாக்பீஸை விளிம்புக்குப் பக்கத்தில் மெல்ல நகர்த்தினார். சுற்றிலும் ஒரே சீராகக் கோடு விழுந்தால் ரிம் நேர். ஓர் இடத்தில் மட்டும் நாலு விரல் நீளத்துக்கு வெள்ளை பூசினால் அங்கே நெளிவு. முதலில் பக்கவாட்டு ஆட்டம், அப்புறம் டயர் உட்காரும் இடத்தில் வைத்து மேல்கீழ் ஆட்டம். நண்பரின் பழைய ரிம் ஒன்றையும் ஏற்றிக் காட்டினார். சாக்பீஸ் தொட்டுத் தொட்டு விலகியது. “இத்த வெச்சிக்கினு எப்டி சார் சாம்பாரு கொட்டாம போனீங்க?” என்று கேட்டார். நண்பர் பதில் சொல்லவில்லை.

பிறகு ரிம்மைக் கவிழ்த்து, முதுகுக்குக் குறுக்கே ஒரு கம்பியை வைத்து, கம்பியிலிருந்து ஹப் உட்காரும் முகம் வரை ஸ்கேலால் ஆழம் பார்த்தார். ஆஃப்செட்டைக் கணக்கிடுவது இந்த ஆழத்தை வைத்துத்தான். ஆழம் கூடினால் சக்கரம் உள்ளே ஒதுங்கி காலிப்பரிலோ ஸ்டீயரிங் ராடிலோ உரசும். குறைந்தால் வெளியே தள்ளி நின்று பேரிங்கைத் தின்னும், ஸ்டீயரிங்கும் கனக்கும். ஆம்னியில் ஓட்டுகிறவர் உட்காருவதே கிட்டத்தட்ட முன்சக்கரத்துக்கு மேல். முன் ரிம் விட்டுவிட்டால் முதலில் போவது அவர் கால்.

நண்பர் அப்போதுதான் அலாய் விஷயத்தைச் சொல்லி, விலைச் சீட்டை நீட்டினார். பாய் சீட்டைப் பார்க்கவில்லை. “பின்னாடி திருப்பிப் பார்த்தீங்களா? எவ்ளோ கிலோ தாங்கும்னு போட்டிருந்துச்சா?” பார்க்கவில்லை. கார் எடைக்கு வார்த்த அலுமினியத்தை அண்டா ஏற்றும் வண்டிக்குப் போட்டால் ஓட்டை பொருந்தும், பளு பொருந்தாது. இன்னும் மோசமாக, நூறு மில்லிமீட்டர் ரிம்மை அரத்தால் ராவி ஓட்டையை நீட்டி ஆம்னிக்கு மாட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். நட்டின் கூம்பு மூக்கு ஓட்டையின் சரிவில் முழுவதும் பதிந்தால்தான் பிடிப்பு. ஓட்டை நீண்டுபோனால் அது ஒரு பக்கம் மட்டும் பதியும், ஓட ஓடத் தளரும்.

இந்த நட்டு ஞானம் பாய்க்கு வந்த விதம்தான் எனக்கு மற்ற எல்லாவற்றையும்விடப் பெரிதாகப் பட்டது. வாணியம்பாடிக்காரர். அப்பா தோல் ஷெட்டில் கூலி. பதினான்கு வயதில் மாமா ஒருவர் புதுப்பேட்டைக்குக் கூட்டிவந்து விட்டார். முதல் இரண்டு வருடம் அவருக்குக் கொடுத்த ஒரே வேலை, மண்ணெண்ணெய்த் தகரத்தில் ஊறும் நட்டுகளை எடுத்துத் துடைத்து மரை வாரியாகப் பிரிப்பது. மாருதி நட்டின் மரை இடைவெளி 1.25 மில்லிமீட்டர். பின்னால் வந்த ஹூண்டாய்க்கு 1.5. இரண்டுக்கும் பன்னிரண்டு மில்லி ஸ்டட்தான். கண்ணால் பார்த்தால் வித்தியாசம் தெரியாது. மாற்றிப் போட்டால் ஒன்றிரண்டு சுற்று ஏறி நிற்கும். அதற்கு மேல் ஸ்பேனரை மிதித்தால் ஸ்டட் மரையே போய்விடும். பையன் கட்டைவிரல் நகத்தால் மரையை வருடிப் பார்த்துச் சொல்லப் பழகினான். தப்பாகப் போட்டால் முதலாளி தகரத்தையே கவிழ்த்து மறுபடி முதலிலிருந்து பிரிக்கச் சொல்வாராம். இன்றும் பேசிக்கொண்டே அவர் கை ஒரு நட்டை எடுத்து நகத்தால் உரசுகிறது.

அவருக்குப் பள்ளிக்கூடம் ஐந்தாவதோடு சரி. தமிழும் உருதும் பேசுவார். ரிம்மின் முதுகில் அச்சடித்த ஆங்கில எழுத்துகளைப் படமாக அடையாளம் வைத்திருக்கிறார். பிரீமியர் பத்மினி, அம்பாசிடர், மேட்டடார், ஆம்னி என்று ஒவ்வொரு வண்டியின் ரிம்மும் அவர் தோளில் ஏறி இறங்கியிருக்கிறது. தோள்பட்டையில் ஒரு பக்கம் காய்ப்பு.

2015 டிசம்பரில் கூவம் பெருகியபோது கடைக்குள் தண்ணீர் வந்தது. அடியில் இருந்த ரிம்கள் சேற்றில் ஊறின. டயர் உட்காரும் இடத்தில் துரு குழி விழுந்துவிட்டால் டியூப்லெஸ் டயருக்கு அந்த ரிம் உதவாது, பழைய இரும்புக்குத்தான் போட வேண்டும் என்று இவர் சொல்லியிருக்கிறார். இரும்பு விலைக்குக் கொஞ்சம் கூடக் கொடுத்து ஓர் ஆள் வந்து மொத்தத்தையும் அள்ளிக்கொண்டு போனார். சில மாதம் கழித்து அதில் ஒரு ரிம் வெள்ளி பெயிண்டோடு, ஒரு பள்ளிக்கூட வேனில் மாட்டி, சத்தம் வருகிறது என்று இவரிடமே திரும்பி வந்தது. தட்டின் உள்பக்கம் தான் உளியால் போட்டிருந்த குறியைப் பார்த்து அடையாளம் கண்டுகொண்டார்.

இதைக் கேட்டதும் எனக்கு வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை. விபத்தில் சிக்கிய வண்டியை ஏலத்தில் எடுப்பவர் ஒருவர், உடைப்பவர் ஒருவர், ரிம்மை மட்டும் மொத்தமாக அள்ளுபவர் ஒருவர். நெளிவைச் சம்மட்டியால் தட்டி, குழியில் பட்டி பூசி, பெயிண்ட் அடித்து, ‘கம்பெனி ரிம்’ என்று விற்பவர் இன்னொருவர். அலாயில் இது இன்னும் கொடுமை. கேஸ் விளக்கால் சுட்டு நிமிர்த்துகிறார்கள். அலுமினியக் கலவைக்குத் தொழிற்சாலையில் வெப்பப் பதம் ஏற்றித்தான் பலம் கொடுத்திருக்கிறார்கள். அந்தப் பதம் சூட்டில் போய்விடுகிறது. வெளியே மினுங்கும், உள்ளே சக்தி இருக்காது. ஒவ்வொரு கை மாறும்போதும் விலை ஏறுகிறது. எவர் கையிலும் அந்த ரிம் ஒரு முறைகூட ஹப்பில் ஏறிச் சுற்றுவதில்லை. சுற்றிப் பார்க்கத் தெரிந்த மனிதருக்கு நாள் கூலி. அவர் ஒதுக்கியதை விற்றவருக்கு லாபம். புது ரிம்முக்காவது 2020இல் தரக் கட்டுப்பாட்டு ஆணை வந்தது, ஐ.எஸ்.ஐ. முத்திரை கேட்கிறார்கள். பழையதற்குக் கேட்பாரில்லை. 2021இல் வந்த வண்டி கழிப்புக் கொள்கை முழு வண்டியைப் பற்றிக் கவலைப்படுகிறது. கழித்த வண்டியின் ரிம் பிள்ளைகள் போகும் வேனில் ஏறுவதைப் பற்றியும் கவலைப்பட வேண்டும். சோதித்த ரிம் என்று எழுதிக் கையெழுத்துப் போடும் உரிமையை இந்தப் பாய் போன்றவர்களுக்குக் கொடுத்து, அதற்குக் கூலியும் வைத்தால் பாதிக் கள்ளம் அங்கேயே நின்றுவிடும்.

வாங்கப் போகிறவர்களுக்கு அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். ஒரு சின்னக் காந்தத்தைக் கொண்டுபோங்கள். இரும்பு ரிம்மில் பட்டி கனமாகப் பூசிய இடத்தில் காந்தம் ஒட்டாது, ஒட்டினாலும் வழுக்கும். வால்வு ஓட்டையின் உள்ளே ஆணியால் கீறிப் பாருங்கள், பெயிண்டுக்கு அடியில் துரு இருந்தால் அங்கே தெரியும். நட்டு ஓட்டைகளைச் சுற்றி முடி போன்ற கோடு ஓடினால் கையில் எடுத்ததைக் கீழே வைத்துவிடுங்கள், விலை எவ்வளவு குறைத்தாலும் சரி.

அன்று அடுக்கிலிருந்து ஒவ்வொன்றாக இறக்கி, தட்டி, ஏற்றி, சுற்றி, கழித்துக்கொண்டே போனார். சாயங்காலத்துக்குள் நாலு தேறின. ஸ்டெப்னிக்கு நண்பரின் பழையதிலேயே நல்லதாக இருந்த ஒன்றை வைத்துக்கொள்ளச் சொன்னார். துரு எடுத்தது, பிரைமர் அடித்தது, மறுநாள் மந்தைவெளியில் பேலன்சிங் பார்த்தது எல்லாம் எங்கும் நடப்பதுதான், அதை விட்டுவிடுகிறேன். நட்டுகளை வட்டமாகப் போகாமல் எதிரெதிராக இறுக்க வேண்டும், ஐம்பது கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி ஒரு சுற்று இறுக்கிப் பார்க்க வேண்டும் என்று கிளம்பும்போது இரண்டு தடவை சொன்னார். கோயம்பேட்டுக்குக் காய்கறி எடுக்கப் போய்வந்த நண்பர் அதைச் செய்தார். ஒரு நட்டு கால் சுற்று ஏறியது.

ரிம்முக்கான பணம் முதலாளியிடம் போனது. சோதித்ததற்குத் தனியாக நண்பர் கொடுத்ததைப் பாய் முதலில் மறுத்தார். “இது கூலின்னு வாங்கிக்குங்க பாய், டிப்ஸ் இல்ல” என்றதும் வாங்கிக்கொண்டார். உடைக்க வரும் ஆம்னிகள் குறைந்துகொண்டே போகின்றன என்றார். இனி பதிமூன்று அங்குல ஈகோ ரிம்தான் அதிகம் வரும். அதற்கென்று ஒரு ஹப்புக்குச் சொல்லிவைத்திருக்கிறார். இரண்டாவது தூண் நட அரை ஆள் அகல இடம் வேண்டும், முதலாளி இன்னும் சரி என்று சொல்லவில்லை.