லாரி ஓடிச்சு!

தோழிகளே, கம்ப்யூட்டர் கேம் அழகாக இருந்தால் மட்டும் போதுமா? 2012-இல் வந்த ‘யூரோ ட்ரக் சிமுலேட்டர் 2’ லாரி ஓட்டும் கேம். அதில் எங்க அண்ணன் ‘ரீஷேட்’ என்ற மாட் சேர்த்திருந்தான். ஒவ்வொரு படமும் திரைக்கு வருமுன் அது நிறம் கூட்டி, நிழல் சேர்க்கும். தென்காசியில் வாங்கின எங்க பழைய கம்ப்யூட்டருக்கு அது பெரிய சுமை. லாரி நின்னு நின்னு நகர்ந்துச்சு. ‘எடைக்குப் போட்ருவோம்’னு அப்பா சொல்லிட்டாங்க. எனக்குப் பக்குன்னு ஆச்சு. நான் டைப்பிங் பழகுறதும் அதில்தானே!

கேம் இருக்கும் ஃபோல்டரைத் திறந்து, மாட் வைத்த ‘டிஎக்ஸ்ஜிஐ.டிஎல்எல்’, ‘ரீஷேட்.ஐஎன்ஐ’ கோப்புகளை மட்டும் வெளியே எடுத்தேன். விண்டோஸுக்குள் அதே பெயரில் இருப்பதைத் தொடவே கூடாது. லாரி சர்ருனு கிளம்பிட்டு! வயல்தான் கொஞ்சம் வெளிறித் தெரியுது. ‘பச்சை வேணும்னா குற்றாலம் மலையைப் பாருட்டி’ன்னான் அண்ணன். அப்பா அப்புறம் எடைக்காரரைக் கூப்பிடவே இல்லை.

– 9-ஆம் வகுப்பு மாணவி