காட்டின் வயது

மலையேற்றமும் காட்டு விலங்கு பார்ப்பதும் சேர்ந்த நான்கு நாள் பயணம் என்றுதான் வீட்டில் பேச்சு தொடங்கியது. கட்டாரில் வேலை செய்யும் நானா, நான் சாதாரண தரப் பரீட்சை எழுதி முடித்ததற்காகக் காசு அனுப்பியிருந்தார். முதலில் நக்கிள்ஸ் மலை, பிறகு மின்னேரியா யானைகள். மாத்தளைப் பக்கத்து வழிகாட்டி ஒருவர் வானும் கொண்டு வருவதாக ஏற்பாடு. பெண்பிள்ளைகளை மலைக்குக் கூட்டிப் போவதா என்று அயலில் ஒருவர் வாப்பாவிடம் கேட்டாராம். "மலையும் அல்லாஹ் படைச்சதுதானே, பாத்திட்டு வரட்டும்" என்று வாப்பா சொல்லிவிட்டார்.

சிக்கல் உம்மும்மாவால் வந்தது. எழுபதைத் தாண்டியவர், முழங்கால் நோவுக்காரர். "நானும் வாறன். ஆனா கடைசி நாள் என்னைக் கொக்கிளாய்க்குக் கொண்டுபோகவேணும்" என்றார். வரைபடத்தைப் பார்த்தால் அது வழியில் இல்லை. மின்னேரியாவிலிருந்து ஹபரணை, திருகோணமலை, குச்சவெளி, புல்மோட்டை என்று வடக்கே நெடுந்தூரம் போகவேண்டும். வழிகாட்டி அண்ணாவோ அந்தப் பெயரையே கேள்விப்பட்டதில்லை. "அங்க என்னங்க பார்க்க இருக்கு?" என்று தொலைபேசியில் கேட்டார். "கொக்கு" என்றார் உம்மும்மா.

நக்கிள்ஸைப் பற்றிப் பாடப்புத்தகத்தில் படித்திருப்பீர்கள். மடக்கிய கையின் முட்டிகள் போலத் தெரிந்ததால் ஆங்கிலேயர் வைத்த பெயர் அது. சிங்களத்தில் தும்பறை. இதன் உயரமான சிகரமான கொம்பனியா 1906 மீற்றர். 2010இல் ஹோட்டன் சமவெளி, சிவனொளிபாத மலைக்காடு ஆகியவற்றோடு சேர்த்து யுனெஸ்கோ இதை உலக மரபுரிமையாக ஏற்றது. நாங்கள் சிகரம் எதையும் தொடவில்லை. இரத்தோட்டை வழியாக ரிவர்ஸ்டனுக்குப் போய், காற்று எங்களுடைய பர்தாவைப் பாய்போல விரிக்க விரிக்கச் சிரித்துக்கொண்டு ஏறி, மறுநாள் பிட்டவல பத்தன புல்வெளியில் நடந்தோம். உம்மும்மா வானில் இருந்து தஸ்பீஹ் ஓதிக்கொண்டிருந்தார்.

மலையில் நான் கண்ட அழகையெல்லாம் எழுதினால் இந்தக் கட்டுரை அதிலேயே முடிந்துவிடும். அட்டைகளைப் பற்றி மட்டும் சொல்கிறேன். காலுறைக்கு மேல் சவர்க்காரம் பூசிக்கொள்ளச் சொன்னார் அண்ணா. அப்படியும் ஒன்று தங்கச்சியின் கணுக்காலில் ஏறிவிட்டது. அவள் போட்ட சத்தத்தில் மரத்திலிருந்த குரங்குகள் இடம் மாறின. மூக்கில் இலை வைத்ததுபோன்ற ஓணான் ஒன்றையும் பார்த்தோம். இந்த மலைத்தொடரைத் தவிர உலகில் வேறெங்கும் அது இல்லையாம். அண்ணா சுட்டிக்காட்டும்வரை எங்கள் கண்ணுக்கு அது மரப்பட்டையாகத்தான் இருந்தது.

என் மனதில் நின்றது வேறொன்று. அடர்ந்த காட்டுக்குள், வெயில் நிலத்தில் விழாத ஓரிடத்தில் அண்ணா நின்றார். "இது காடு இல்லீங்க, தோட்டம்" என்றார். எங்களுக்கு எல்லாம் ஒன்றாகத்தான் தெரிந்தது. அவர் குனிந்து நீண்ட இலையொன்றைக் கசக்கி முகரத் தந்தார். ஏலக்காய் வாசம். பிறகு பாசி படிந்த கற்களைக் காட்டினார். ஏலக்காய் உலர்த்திய கொட்டிலின் அடித்தளம். இந்த மலையில் நீண்டகாலம் பெரிய மரங்களை விட்டுவிட்டு அவற்றின் நிழலில் ஏலம் நட்டு வந்திருக்கிறார்கள். ஏலத்துக்காகக் கீழ்ச்செடிகளை வெட்டினால் இளமரம் எழாது, கொட்டிலுக்கு விறகும் வேண்டும், காடு மெல்ல மெல்லச் செத்துப்போகும். 2000ஆம் ஆண்டில் நக்கிள்ஸ் பாதுகாக்கப்பட்ட வனமாக அறிவிக்கப்பட்டது. ஏலத் தோட்டங்களைக் கைவிடவேண்டியதாயிற்று. "எங்க அப்பா இதுலதான் வேலை செஞ்சாரு. காடு பொழைச்சுச்சு. அப்பாவுக்கு வேலை போச்சு" என்றார் அண்ணா. இரண்டையும் அவர் ஒரே குரலில்தான் சொன்னார்.

காட்டுக்குள் மனிதர் இருந்த இடத்தை எப்படிக் கண்டுபிடிப்பது என்று கேட்டேன். அவர் சொன்னவற்றை அன்றிரவே எழுதிவைத்தேன். காட்டில் தானாக நிலம் மட்டமாக இருக்காது. கல் தானாக வரிசையில் நிற்காது. பலா, மா, தேசி போன்றவை ஆளில்லாத இடத்தில் கூட்டமாக நின்றால் அங்கே அடுப்பு எரிந்திருக்கும். மரங்கள் எல்லாம் ஒரே பருமனில் இருந்தால் அவை ஒரே காலத்தில் முளைத்தவை. அந்தக் காலத்துக்கு முன்பு அது வெளியாக இருந்திருக்கவேண்டும்.

மின்னேரியாவைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் நிறையப் பேர் போயிருப்பீர்கள். மூன்றாம் நூற்றாண்டில் மகாசேன மன்னன் கட்டிய குளம். கோடையில் நீர் வற்ற, குளத்து மடியில் பசும்புல் முளைக்கும். அதைத் தேடிச் சுற்றுக் காடுகளிலிருந்து யானைகள் வரும். நல்ல ஆண்டுகளில் இருநூறு, முந்நூறுகூடச் சேருமாம். நாங்கள் எண்ணியது அறுபத்து மூன்று. குட்டிகளைத் தாய்மாரின் கால்களுக்கிடையில் வைத்துக்கொண்டு மேய்ந்தன. ஜீப்புகளும் ஏறத்தாழ அதே எண்ணிக்கை இருக்கும். ஜீப்புகளைப் பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் இல்லை. ஒரு யானை திரும்பினால் இருபது வண்டிகள் திரும்புகின்றன.

"மனுசன் கட்டின குளத்திலதான் இதுகள் புல்லுத் தின்னுதுகள்" என்று உம்மும்மா சொன்னார். அப்போது அது எனக்குப் பெரிதாகப் படவில்லை.

மூன்றாம் நாளிரவு புல்மோட்டையில் சாச்சி வீட்டில் தங்கினோம். அங்கே கடற்கரை மணல் கறுப்பு. இல்மனைற்றும் உரூட்டைலும் சேர்ந்த கனிய மணல். பகலில் வெறுங்காலோடு மிதித்தால் தெரியும். ஸுபஹ் தொழுகை முடிந்த கையோடு சாச்சாவின் வள்ளத்தில் களப்புக்குள் இறங்கினோம்.

கொக்கிளாய்க் களப்பு ஏறக்குறைய 30 சதுர கிலோமீற்றர். பேராறும் வேறு சில ஆறுகளும் நன்னீரைக் கொண்டுவர, ஒடுங்கிய வாய் வழியாகக் கடல் உள்ளே வருகிறது. அதனால் உவரும் நன்னீரும் கலந்த நீர். அடியில் கடற்புல், கரையில் கண்டல், அதற்கப்பால் காடு. இறாலுக்கு இதைவிட நல்ல தொட்டில் இல்லை, இறால் உள்ள இடத்தில் பறவைக்குக் குறைவில்லை. 1951ஆம் ஆண்டிலேயே இது சரணாலயமாக்கப்பட்டது. ஆனாலும் மின்னேரியாவில் பார்த்த ஜீப்புகளைப்போல ஒரு படகுகூட இங்கே இல்லை. எங்கள் வள்ளமும், வலை இழுக்கும் இரண்டு தோணிகளும், பறவைகளும்தான்.

இங்கே வழிகாட்டி மாறிவிட்டார். அண்ணா கண்ணாடியைக் கண்ணில் வைத்து ஆங்கிலப் பெயராகச் சொல்லச் சொல்ல, உம்மும்மா கண்ணாடி இல்லாமல் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தார். அது கூழைக்கடா. அது நீர்க்காகம், செட்டையைக் காயவைக்குது. மஞ்சள் சொண்டு நாரை. தலைக்கு மேலே ஆலா. அகப்பை மாதிரிச் சொண்டுள்ளது அகப்பைவாயன். அண்ணா தன் குறிப்புப் புத்தகத்தில் ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் தமிழ்ப் பெயரை எழுதினார். பூநாரை எங்கே என்று நான் கேட்டேன். "இது சோளகக் காலம். வாடை தொடங்கட்டும், வரும்" என்றார். தண்ணீரூற்றில் பிறந்த பிள்ளைக்குக் களப்பு எப்படித் தெரியும்? அவருடைய வாப்பா கருவாடும் காய்ந்த இறாலும் வாங்க மாட்டுவண்டியில் முல்லைத்தீவு வழியாகக் கொக்கிளாய்க்கு வருவாராம். வண்டியின் பின்புறம் உம்மும்மா இருப்பாராம். இறால் விற்ற வீட்டில் அவரளவு பிள்ளையொன்று இருந்தது. அந்தப் பிள்ளையைப் பார்க்கத்தான் இந்தப் பயணம்.

வள்ளம் கொக்கிளாய்க் கரையில் முட்டியபோது அந்தப் பிள்ளை, இப்போது ஆச்சி, கரையில் நின்றார். இருவரும் அழுவார்கள் என்று எதிர்பார்த்தேன். "ஏனடி இவ்வளவு கறுத்துப் போனாய்?" என்று ஆச்சி கேட்க, "நீ மட்டும் வெள்ளையோ?" என்றார் உம்மும்மா.

இருவருக்கும் இடையில் இருந்த கணக்கை வாப்பா எனக்குப் பிறகு சொன்னார். 1984 டிசம்பரில் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணி மக்கள் ஊரைவிட்டு எழுப்பப்பட்டார்கள். ஆச்சி மூன்று பிள்ளைகளோடு தண்ணீரூற்றுக்கு வந்து உம்மும்மா வீட்டு வளவில் கொட்டில் போட்டு இருந்தார். ஆறு ஆண்டுகள். 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்கள் எல்லோரையும் வெளியேறும்படி விடுதலைப் புலிகள் கட்டளையிட்டபோது, உம்மும்மா புத்தளத்துக்குப் போக, அதே வளவு வாசலில் ஆச்சி நின்று வழியனுப்பினார். முதலில் அகதியாக வந்தவர் வீட்டில் நிற்க, வீட்டுக்காரர் அகதியாகப் போனார். உம்மும்மா எங்களுக்கு இதைச் சொன்னதே இல்லை.

2009இல் போர் முடிந்து, கண்ணிவெடி அகற்றிய பிறகுதான் ஆச்சியின் குடும்பம் ஊர் திரும்பியது. வீட்டு நிலம் கிடைத்தது. வயல் கிடைக்கவில்லை. அது காடாகிவிட்டது. இப்போது அதன் ஓரத்தில் எல்லைக்கல் ஒன்று நிற்கிறது, அதற்கப்பால் வனம் என்று. காணி உறுதி இடப்பெயர்வுகளில் தொலைந்துபோனது. அலுவலகத்தில் ஆச்சியிடம் கேட்ட கேள்வி, "இவ்வளவு மரம் நிற்கிற இடம் வயலாக இருந்தது என்பதற்கு என்ன அத்தாட்சி?"

நாங்கள் யானை பார்த்த கதையைத் தங்கச்சி சொன்னாள். ஆச்சி வாயில் கைவைத்துச் சிரித்தார். "காசு குடுத்தோ பிள்ளை பாத்தனீங்கள்? இஞ்ச வந்திருந்தா நான் சும்மா காட்டியிருப்பன்." போன போகத்தில் குத்தகை வயலில் கதிர் முற்றிய நேரம் மூன்று யானைகள் இறங்கின. மகன் பரணிலிருந்து யானைவெடி கொளுத்தியும் போகவில்லை. விடியும்போது பாதி வயல் இல்லை. 2011இல் நாடு முழுவதும் எண்ணியபோது 5,879 யானைகள் இருந்தன. 2022, 2023 ஆகிய இரு ஆண்டுகளிலும் ஆண்டுக்கு 400க்கு மேற்பட்ட யானைகளும் 100க்கு மேற்பட்ட மனிதரும் இறந்தார்கள். இந்தக் கணக்கை அண்ணா வானில் சொன்னபோது எனக்கு அது பொது அறிவு. ஆச்சியின் திண்ணையில் இருந்தபோது அப்படி இல்லை.

சாப்பிட்டு லுஹர் தொழுத பின், எல்லைக்கல்வரை போய்ப் பார்க்கலாமா என்று நான் கேட்டேன். நக்கிள்ஸில் எழுதிய குறிப்பு என் பையில் இருந்தது. அண்ணாவின் முகத்தைப் பார்த்தேன். அவர் ஏற்கனவே சப்பாத்தைக் கட்டிக்கொண்டிருந்தார்.

கல்லைத் தாண்டி ஐம்பது அடி நடந்திருப்போம். பற்றையும் முள்ளும் நடுத்தர மரங்களும். அண்ணா ஒன்றும் பேசாமல் இலைச் சருகைக் காலால் விலக்கினார். பிறகு என்னைக் கூப்பிட்டு, "என்ன தெரியுது?" என்றார். நிலம் தட்டையாக இருந்தது. அதன் நடுவே ஒரு சாண் உயரத்தில், ஒரு முழ அகலத்தில், மேடொன்று நேர்கோடாக ஓடியது. இருபது அடிக்கு அப்பால் இன்னொன்று அதைக் குறுக்கே வெட்டியது. வரம்பு! காடு அதன் மேலேயே வளர்ந்திருந்தது. அண்ணா ஒரு மரத்தைக் கட்டிப்பிடித்து அளந்தார், இன்னொன்றை, மூன்றாவதை. "எல்லாம் ஒரே வயசு பாட்டி. முப்பத்தஞ்சு, நாப்பது இருக்கும். இதுக்கு முன்னாடி இங்க மரமே இல்ல." ஒரே ஒரு பாலை மரம் மட்டும் மிகப் பெரியது. அதைச் சுட்டிக்காட்ட முன்பே, "அது எங்கட பரண் இருந்த மரம்" என்றார் ஆச்சி.

அந்தக் காடு அழகாக இருந்தது என்பதையும் எழுதவேண்டும். கிளையில் மாம்பழக்குருவி ஒன்று கத்தியது. மான் குளம்பு பதிந்திருந்தது. மூன்று நாட்களுக்கு முன் ஏலக்காட்டில் நின்று, மரம் மீண்டும் வளர்ந்ததே என்று மகிழ்ந்தவள் நான். இங்கே வளர்ந்த மரத்தைப் பார்த்து என்ன நினைப்பதென்று எனக்குத் தெரியவில்லை. அங்கே காட்டுக்காகத் தோட்டத்தை நிறுத்தினார்கள். இங்கே யாரும் காட்டுக்காக ஊரை எழுப்பவில்லை. வேறு காரணத்துக்காக எழுப்பினார்கள், வெறுமையில் காடு வந்தது. ஒரே சொல்லால் இரண்டையும் அழைப்பது சரியல்ல என்று எனக்குப் படுகிறது. "காணி கிடைச்சா இதெல்லாம் வெட்டுவீங்களா ஆச்சி?" என்று கேட்டேன். "வெட்டாம எப்படிப் பிள்ளை விதைக்கிறது? பாலையை விடுவன்" என்றார்.

அவர் அண்ணாவிடம், இப்போது சொன்னதை ஒரு தாளில் எழுதித் தரமுடியுமா என்று கேட்டார். "நான் எழுதினா யாரு பாட்டி எடுப்பாங்க?" என்றவர், பிறகு என் குறிப்புப் புத்தகத்தை வாங்கி, மரங்களின் சுற்றளவை ஒவ்வொன்றாக எழுதினார். வாப்பா வரம்புகளைத் தொலைபேசியில் படம் பிடித்தார். தங்கச்சியும் நானும் நூலைப் பிடித்து நீளம் அளந்தோம். பதினொரு வயல் துண்டு அகப்பட்டது.

உம்மும்மா தன் முழங்காலை மறந்து வரம்பொன்றின் மேல் ஏறி நின்று, தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வந்தது என்று ஆச்சியோடு வாதாடிக்கொண்டிருந்தார். ஆச்சி மேற்கு என்றார், உம்மும்மா வடக்கு என்றார். ஆச்சியின் மகன் வெயிலைப் பார்த்துவிட்டு எங்களை அவசரப்படுத்தினார். நாலு மணிக்குப் பிறகு யானைகள் அந்தப் பக்கத்தால்தான் களப்புக்கு இறங்குமாம்.