கடன் வாங்கிக் கழித்தலும் இடையில் நிற்கும் பூச்சியங்களும்

தொடக்கப்பள்ளிக் கணக்கில் கடன் வாங்கிக் கழித்தல் எனப்படுவது, ஓர் இடத்தில் உள்ள இலக்கம் கழிப்பதற்குப் போதாதபோது அதன் இடப்புறத்து இடத்திலிருந்து ஒன்றை எடுத்துப் பத்தாக மாற்றிக்கொள்ளும் முறையாகும். பாடநூல்கள் இதை இனமாற்றம் என்கின்றன. 5003-இலிருந்து 1678-ஐக் கழிக்கும் மாணவர் திகைப்பது, 3-இல் 8 போகாது என்று கண்டு அண்டை இடங்களை நாடும்போது அங்கே பூச்சியங்களே இருப்பதால்தான். அப்போது ஓர் ஆயிரம் 10 நூறுகளாகவும், அவற்றுள் ஒரு நூறு 10 பத்துகளாகவும், அவற்றுள் ஒரு பத்து 10 ஒன்றுகளாகவும் பிரிய, அவ்வெண் 4 ஆயிரம், 9 நூறு, 9 பத்து, 13 ஒன்று என வடிவம் மாறுகிறதே தவிர, அதன் மதிப்பு சற்றும் குறைவதில்லை, விடை 3325.

இடமதிப்பை, அதாவது இலக்கம் நிற்கும் இடத்தால் அது பெறும் மதிப்பை, உணராத மாணவர், ஒவ்வோர் இடத்திலும் பெரிய இலக்கத்திலிருந்து சிறியதைக் கழித்து 4675 என எழுதிவிடுவதுண்டு. இத்தகைய பிழைகளுள் பல கவனக்குறைவால் நேர்வன அல்ல, தவறான ஒரு விதியை ஒழுங்காகப் பின்பற்றுவதால் விளைபவை என்பதை ஜான் சீலி பிரவுனும் ரிச்சர்ட் பர்ட்டனும் 1978-இல் வெளியிட்ட ஆய்வு விளக்கியது. ஆகவே, விடையைச் சிவப்பு மையால் அடிப்பதைவிட, 4675-உடன் 1678-ஐக் கூட்டிப் பார்க்கச் செய்வதே பயன் தரும். 6353 என்று வரும்போது, தம் விதி எங்கோ பிறழ்ந்துள்ளதை மாணவரே கண்டுகொள்வார்.