கம்பும் கனியும்

நுழையும்முன்

காலை உணவு உண்ணாமல் பள்ளிக்கு வருவோர் நம் வகுப்பறைகளில் பலர். நேரமின்மையே அதற்குப் பெரும்பாலும் கூறப்படும் காரணம். தானியமும் பழமும் விளையும் மண்ணில் வாழ்வோர், அவ்விரண்டையும் சேர்த்துச் சில நிமிடங்களில் உணவாக்கிக்கொள்ள இயலும். கம்பம் பள்ளத்தாக்கின் ஒரு வீட்டில் அஃது எவ்வாறு இயன்றது என்பதை இக்கட்டுரை கூறுகிறது.

பள்ளத்தாக்கின் விடியல்

மேற்கே கேரள எல்லை மலைகளும் கிழக்கே மேகமலையும் அரணாக நிற்க, இடையே முல்லைப்பெரியாற்று நீரால் செழிக்கும் நிலம் கம்பம் பள்ளத்தாக்கு. ஜான் பென்னிகுவிக் எழுப்பிய அணை 1895ஆம் ஆண்டு பயன்பாட்டிற்கு வந்தபின், மேற்கு நோக்கி ஓடிய ஆற்றின் நீர் மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே கிழக்கே திரும்பியது. இன்று அந்நீரால் இங்கு 14,707 ஏக்கரில் இருபோக நெல் விளைகிறது. வயல்களுக்கு அப்பால் வாழைத் தோட்டங்களும் திராட்சைப் பந்தல்களும் மலையடிவாரம்வரை விரிந்து கிடக்கின்றன.

இவ்வூரின் பன்னீர் திராட்சை 2023ஆம் ஆண்டு புவிசார் குறியீடு பெற்றது. பிற இடங்களில் திராட்சைக்குக் குறிப்பிட்ட பருவம் உண்டு. இங்கோ, ஆண்டின் எம்மாதத்திலும் ஏதேனும் ஒரு தோட்டத்தில் அறுவடை நடந்துகொண்டிருக்கும்.

இப்பள்ளத்தாக்கின் விடியல், கதிரவனுக்கு முன்பே தொடங்கிவிடுகிறது. இருள் பிரியாத வேளையில் பெண்கள் கையில் தூக்குவாளியுடன் ஜீப்புக்காகக் காத்து நிற்பர். கம்பம்மெட்டு, குமுளி மலைச்சாலைகளின் வழியே இடுக்கி மாவட்டத்து ஏலத்தோட்டங்களுக்குச் செல்லும் கூலித்தொழிலாளர் அவர்கள். மாலை இருட்டும் வேளையில்தான் அவர்கள் வீடு திரும்புவர்.

வெறும் வயிறும் வகுப்பறையும்

அப்படி மலையேறும் தாய் ஒருத்தியின் மகள், கம்பத்தை அடுத்த ஓர் ஊரில் பதினொன்றாம் வகுப்புப் பயின்றாள். தாய் ஐந்து மணிக்குக் கிளம்பியபின் வீட்டின் பொறுப்பு அவளுடையது. தண்ணீர் பிடிப்பாள், வாசல் தெளிப்பாள், மூன்றாம் வகுப்புப் படிக்கும் தம்பியைக் குளிப்பாட்டிக் கிளப்புவாள். ஏழரை மணிப் பேருந்தை விட்டால் சிறப்பு வகுப்பிற்குச் செல்ல இயலாது. ஆகவே ஒரு குவளைத் தேநீரைக் குடித்துவிட்டு ஓடுவாள்.

தம்பிக்குக் கவலையில்லை. 2022 செப்டம்பர் 15 அன்று மதுரையில் தொடங்கப்பட்டு, 2023 ஆகஸ்டு 25 முதல் தமிழகமெங்கும் உள்ள அரசுத் தொடக்கப்பள்ளிகளுக்கு விரிவாக்கப்பட்ட முதலமைச்சரின் காலை உணவுத் திட்டத்தில் அவனுக்கு உப்புமாவோ கிச்சடியோ பொங்கலோ பள்ளியிலேயே கிடைத்துவிடும். அத்திட்டம் ஐந்தாம் வகுப்புவரை உள்ள குழந்தைகளுக்கு உரியது. அக்காளின் வயிற்றுக்கு அக்காள்தான் வழி தேடவேண்டும்.

ஒரு திங்கட்கிழமை இறைவணக்கக் கூட்டத்தில் அவள் மயங்கி விழுந்தாள். நிழலில் கிடத்தி முகத்தில் நீர் தெளித்த ஆசிரியை கேட்ட முதல் கேள்வி, "சாப்பிட்டாயா?" என்பதே. பின்னர் நடந்த மருத்துவப் பரிசோதனையில் அவளுக்கு இரத்தசோகை இருப்பது தெரிந்தது.

அதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை. உடல் எடையில் ஏறத்தாழ நூற்றில் இரண்டு பங்கே உள்ள மூளை, ஓய்வு நிலையில் உடல் செலவிடும் ஆற்றலில் ஐந்தில் ஒரு பங்கைப் பயன்படுத்துகிறது. இரவு உணவுக்குப்பின் பத்து, பன்னிரண்டு மணிநேரம் கடந்துவிட்டால் கல்லீரலில் சேர்த்துவைத்த சர்க்கரை வெகுவாகக் குறைந்துவிடுகிறது. அந்நிலையில் உடலும் உள்ளமும் சோர்வது இயல்பு. தமிழ்நாட்டுப் பெண்களில் பாதிக்கும் மேற்பட்டோர் இரத்தசோகை உடையவர்கள் எனத் தேசியக் குடும்பநல ஆய்வு கூறுகிறது. அப்பெருந்தொகையில் அவளும் ஒருத்தி.

இரவில் தொடங்கும் காலை

அன்று மாலை அவளுடைய அப்பத்தா, பேத்தியைத் தம் மடியில் சாய்த்துக்கொண்டு ஒரு செய்தி சொன்னார். "எங்க காலத்துல காலையில அடுப்பே பத்தவைக்க மாட்டோம் தாயி. ராத்திரியே கம்பங்களி கிண்டி, தண்ணி ஊத்தி வச்சிருவோம். விடிஞ்சதும் மோரு விட்டுக் கரைச்சுக் குடிச்சிட்டுக் காட்டுக்குப் போயிருவோம்."

அவர் எளிமையாகச் சொன்ன அச்சொற்களில் ஒரு வாழ்முறையின் அறிவு பொதிந்திருந்தது. உழவர்க்கு விடியற்காலையில் நேரம் இல்லை. முன்னிரவில் சிறிது உண்டு. எனவே சமைக்கும் வேலையை இரவிலேயே முடித்தனர். இரவு முழுதும் நடக்கும் நொதித்தல், காலையில் உணவைச் செரிமானத்திற்கு ஏற்றதாக ஆக்கியது. கம்பங்கூழும் பழைய சோறும் பிறந்தது அவ்வாறே. காலையில் செய்வதற்கு எஞ்சியது கரைப்பதும் குடிப்பதுமே.

தானியத்தைக் கனியுடனும் தேனுடனும் சேர்த்துண்பதும் தமிழர்க்குப் புதிதன்று. தினைமாவையும் தேனையும் முருகனுக்குப் படைக்கும் வழக்கம் இன்றும் உண்டு. அவலுடன் வாழைப்பழமும் வெல்லமும் தேங்காய்த் துருவலும் பிசைந்து உண்பதும் பல வீடுகளில் தொடர்கிறது.

உலகின் கிண்ணங்கள்

இத்தேவை உலகின் பிற பகுதிகளிலும் எழுந்தது. 1894இல் அமெரிக்காவின் பேட்டில் கிரீக் நகரிலிருந்த உடல்நல விடுதியில் கெல்லாக் சகோதரர்கள் வேகவைத்த கோதுமையை உருளைகளுக்கிடையே அழுத்திச் செதிலாக்கினர். பின்னர் அம்முறையே மக்காச்சோளத்திற்கும் வந்தது. 1900ஆம் ஆண்டையொட்டி, சுவிட்சர்லாந்தின் சூரிக் நகர மருத்துவர் பிர்ச்சர் பென்னர், ஊறவைத்த ஓட்ஸுடன் துருவிய ஆப்பிளும் எலுமிச்சைச் சாறும் கொட்டைகளும் சேர்த்து நோயாளிகளுக்கு அளித்தார். 'மியூஸ்லி' என இன்று அழைக்கப்படுவது அதுவே. அவர் கிண்ணத்தில் பழமே மிகுதி, தானியம் குறைவு.

மக்காச்சோளச் செதிலும் நம் அவலும் ஒரே நுட்பத்தில் அமைந்தவை. நெல்லை ஊறவைத்து, வறுத்து, சூட்டுடன் இடித்துத் தட்டையாக்குவதே அவல். ஈரமும் வெப்பமும் சேரும்போது அரிசியின் மாவுப்பொருள் முன்பே வெந்துவிடுகிறது. அதனால்தான் அவலை நீரில் நனைத்தாலே உண்ண முடிகிறது. நம் முன்னோர் உலக்கையால் செய்ததைப் பிற்காலத்தவர் உருளை இயந்திரத்தால் செய்தனர். இன்று கம்பம் கடைவீதியிலும் வண்ணப் பெட்டிகளில் அடைத்த செதில்கள் கிடைக்கின்றன. அவற்றுள் பலவற்றில் சர்க்கரை மிகுதி என்பதைப் பெட்டியின் பின்புறத்தைப் படிப்போர் அறிவர்.

கனி ஏன் சேரவேண்டும்?

கம்பில் 100 கிராமுக்கு ஏறத்தாழ 6 மில்லிகிராம் இரும்புச்சத்து உண்டு. கேழ்வரகில் ஏறத்தாழ 350 மில்லிகிராம் சுண்ணாம்புச்சத்து உண்டு. இது பசும்பாலில் உள்ளதைப்போல் ஏறத்தாழ மும்மடங்கு. ஐக்கிய நாடுகள் அவை, இந்தியா முன்மொழிந்ததை ஏற்று 2023ஆம் ஆண்டைப் பன்னாட்டுச் சிறுதானிய ஆண்டாக அறிவித்தமைக்கு இவ்வகைச் சிறப்புகளும் காரணமாகும்.

எனினும் தானியத்திலுள்ள இரும்புச்சத்து முழுவதும் உடலில் சேர்வதில்லை. தானியத்தின் ஃபைட்டிக் அமிலம் அதனைப் பற்றிக்கொள்கிறது. ஊறவைத்தலும் முளைகட்டலும் நொதித்தலும் அவ்வமிலத்தைக் குறைக்கின்றன. உணவோடு உண்ணும் உயிர்ச்சத்து 'சி', இரும்பை உடல் ஏற்கும் நிலைக்கு மாற்றுகிறது. பன்னீர் திராட்சை மணமும் இனிப்பும் தரும்; ஆனால் அதில் இச்சத்து குறைவு. கொய்யாவிலோ 100 கிராமுக்கு 200 மில்லிகிராமுக்கு மேல் உண்டு. பப்பாளியும் நெல்லியும்கூட இதற்கு ஏற்றவை. எனவே, சுவைக்குத் திராட்சை சேர்ப்போர் சத்துக்குக் கொய்யாவும் சேர்த்தல் நன்று.

தேநீரின் துவர்ப்புப்பொருள் இதற்கு நேர்மாறாக, இரும்பை உடல் ஏற்கவிடாமல் தடுக்கும். உணவுக்கு மாற்றாக அம்மாணவி நாள்தோறும் குடித்துவந்தது தேநீரையே. சுற்றிலும் தேயிலை விளையும் நாட்டில் தேநீரைக் கைவிடுதல் எளிதன்று. உணவுக்கும் தேநீருக்கும் இடையே ஒரு மணிநேரம் விட்டால் போதும்.

செய்முறை

முதல் முயற்சிகள் வெற்றி பெறவில்லை. மெல்லிய அவலை இரவே ஊறவைத்தாள்; விடிந்தபோது அது பசையாகிவிட்டது. மாதக் கணக்கில் டப்பாவில் இருந்த கம்பு மாவைக் கரைத்தாள், கசந்தது. கம்பில் கொழுப்பு மிகுதி. அரைத்த சில நாள்களிலேயே மாவிலுள்ள நொதி அக்கொழுப்பைச் சிதைத்துவிடுவதால் மாவு கசக்கும். "வறுத்து அரை, கொஞ்சமா அரை" என்றார் அப்பத்தா. வறுக்கும்போது அந்நொதி செயலிழந்துவிடும் என்பதை அவர் எந்த நூலிலும் படித்தவரல்லர். பழகிப் பழகி இரண்டு முறைகள் அவளுக்குக் கைவந்தன.

அவல் முறை: ஒருவர்க்கு இரண்டு கைப்பிடி கெட்டி அவல் போதும். அதனை இருமுறை அலசி, நீரை வடித்து, பத்து நிமிடம் மூடிவைக்க வேண்டும். அதற்குள் குளித்துவிடலாம். பின் ஒரு கரண்டித் தயிர், ஒரு வாழைப்பழம், பாதிக் கொய்யா, விதை நீக்கிய பத்துத் திராட்சை, சிறிது வெல்லத்தூள், வறுத்த நிலக்கடலை ஆகியன சேர்த்துக் கலக்கவேண்டும்.

கம்பு முறை: கம்பைப் பகலில் ஊறவைத்து, இரவில் ஈரத்துணியில் முடிந்து முளைகட்டி, நன்கு உலர்த்தி, வறுத்து, ஒரு வாரத்திற்குரிய அளவு மட்டும் அரைத்துக்கொள்ள வேண்டும். காலையில் மூன்று கரண்டி மாவை இளஞ்சூடான பாலில் கரைத்து, மசித்த வாழைப்பழத்தைச் சேர்த்தால் உணவு ஆயத்தம்.

திராட்சையை இரவே உப்புநீரில் ஊறவிட்டு, நல்ல நீரில் பலமுறை கழுவி வடித்துவைத்தல் வேண்டும். பழங்களை நறுக்குவது மட்டும் காலையில் நிகழவேண்டும். நறுக்கிவைத்த பழம் நிறமும் சத்தும் இழக்கும்.

இரண்டு தூக்குவாளிகள்

மருத்துவர் தந்த இரும்புச்சத்து மாத்திரையோடு இந்த உணவும் தொடர்ந்தது. சில வாரங்களில் முதல் பாடவேளையில் வரும் தலைச்சுற்றல் குறைந்தது.

ஒரு நாள் அதிகாலை, ஜீப்பின் ஒலி கேட்டு அவள் விழித்தாள். தாய் மதியச் சோற்றை வாளியில் அடைத்துவிட்டு, அடுப்படியில் நின்றபடி தேநீர் குடித்துக்கொண்டிருந்தாள். "நீ காலையில என்னம்மா சாப்பிடுவ?" என்று மகள் அதுவரை கேட்டதே இல்லை. தாய் சிரித்தாள். "பத்து மணிக்குக் காட்டுல டீ வரும்ல" என்றாள். தன்னைப் பள்ளியில் விழவைத்த அதே பசியுடன், தாய் பல ஆண்டுகளாக மலைச்சரிவில் ஏலக்காய் பறித்து வந்திருக்கிறாள் என்பது மகளுக்கு அப்போதுதான் புரிந்தது.

மறுநாள் நான்கரை மணிக்கே மகள் எழுந்தாள். அவல் அலசி, பழம் நறுக்கி, இரண்டு சிறிய தூக்குவாளிகளில் நிரப்பினாள். ஒன்று மேசைமேல் இருந்தது. மற்றொன்று மதியச் சோற்றோடு ஜீப்பில் ஏறிக் கம்பம்மெட்டுக்குச் சென்றது.

மாலையில் அந்த வாளி, கழுவி வெறுமையாகத் திரும்பியது. "கூட வந்தவளுகளும் கேட்டாளுக, நாளைக்கு ரெண்டு கைப்பிடி கூடப் போடு" என்றாள் தாய்.

கற்பவை கற்றபின்

1. உங்கள் வீட்டு முதியோரிடம் அவர்தம் இளமைக்காலக் காலை உணவுகளைக் கேட்டறிந்து, செய்முறையுடன் தொகுத்து எழுதுக.

2. உங்கள் ஊரில் இம்மாதம் விளையும் தானியங்களையும் பழங்களையும் பட்டியலிட்டு, அவற்றைக்கொண்டு பத்து நிமிடத்தில் ஆயத்தம் செய்யும் ஓர் உணவை உருவாக்குக.

3. 'நம் வீட்டில் காலையில் இறுதியாக உண்பவர் யார்?' என்னும் தலைப்பில் ஒரு பக்க அளவில் கட்டுரை வரைக.