பதுளை மலையும் பாட்டுக்குப் பாட்டும்

கொழும்பிலிருந்து மலையேறி வரும் இருப்புப்பாதை, ஏறத்தாழ 290 கிலோமீற்றர் தூரம் கடந்து, ஊவா மாகாணத் தலைநகராகிய பதுளையில் முடிவடைகிறது. தெமோதரை நிலையத்தைத் தாண்டும் அப்பாதை, மலையை ஒரு சுற்றுச் சுற்றிக் கீழிறங்கி, அதே நிலையத்தின் அடியிலே சுரங்கவழியாகப் புகுந்து செல்லும் விந்தையைக் கண்டு வியவாதார் யார்? 1924ஆம் ஆண்டு பதுளையை எட்டிய பாதை இது.

ஊரைக் கடந்து பசறை, லுணுகலை, நமுனுகுலை என எத்திசை நோக்கினும் தேயிலையே. ஆடி முதல் புரட்டாசி வரை வீசும் வறண்ட காற்றுத்தான் ஊவாத் தேயிலைக்குத் தனி மணம் ஊட்டுகிறது. அக்கொழுந்தைக் கிள்ளுவோர் வாழும் லயங்களின் கூரைகளில் இன்று தொலைக்காட்சிக் கிண்ணங்களைக் காண்கிறோம். அவை வருமுன், உலகத்தை அங்கே கொணர்ந்தது இலங்கை வானொலி.

அவ்வானொலியில் வளர்ந்தவர் பி. எச். அப்துல் ஹமீது. அவர் நடத்திய 'பாட்டுக்குப் பாட்டு' எளிய விளையாட்டு. ஒருவர் பாடிய பாட்டிலிருந்து ஓர் எழுத்து எடுத்துக் கொடுக்கப்படும். மற்றவர் அவ்வெழுத்தில் தொடங்கும் திரைப்பாடலைப் பாடவேண்டும். குறிலைக் கேட்டால் குறில், நெடிலைக் கேட்டால் நெடில். நினைவும் செவியுமே அதற்குரிய முதல். சன் தொலைக்காட்சி 1993ஆம் ஆண்டு தோன்றிய பின்னர், அவ்விளையாட்டு அவரோடு தமிழகத்துத் திரைக்கும் ஏறியது. லகர, ளகர, ழகரங்களைப் பிசகாது ஒலித்த அவர் நாவினைக் கேட்டுத் தமிழகத்தார் மகிழ்ந்தனர்.

இதில் மலையகத்துக்கு என்ன பங்கு என்பீர்களோ? 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம், தந்தையோ பாட்டனோ இலங்கையிற் பிறந்தமைக்குச் சான்று கேட்டது. பத்திரமற்ற ஏழை மக்கள் நாடற்றவராயினர். 1964ஆம் ஆண்டு சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை இரு நாடுகளும் 1974இல் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டன. அண்ணன் ஒரு கரை, தம்பி மறு கரை. தேயிலையை இறக்குவதற்கென இட்ட தண்டவாளமே, அத்தேயிலையை வளர்த்தவர்களையும் தலைமன்னார்க் கப்பலை நோக்கி இறக்கிச் சென்றது. சென்றவர்களிற் பலர் நீலகிரியில் மீண்டும் தேயிலைச் செடியின் முன்னேயே நின்றனர்.

எனினும், காற்றுக்குக் கடவுச்சீட்டு ஏது? இலங்கை வானொலியின் குரல் கடல் கடந்து தமிழகத்திலும் ஒலித்தது. பின்னாளில் சென்னையின் ஒளிபரப்பு இம்மலைகளுக்கு வந்தது. பிரிந்த குடும்பத்தின் இரு பாதிகளும் ஒரே குரலைக் கேட்கவும், ஒரே எழுத்துக்கு விடைதேடவும் இயன்றது.

நாடற்றிருந்தோருக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டம் இலங்கைக் குடியுரிமை அளித்தது. அதற்குள் அரை நூற்றாண்டு கழிந்துவிட்டது. அந்நெடுங்காலம் அரசுகள் கேட்டது சான்றுப் பத்திரம். அந்த விளையாட்டு கேட்டதோ ஒரு பாட்டு. பத்திரமில்லா வீடுகளிலும் பாட்டு இருந்தது. பதுளைக்குச் செல்லும் மாணவர்கள் துன்ஹிந்த நீர்வீழ்ச்சியைக் கண்டு களிக்கட்டும். அவ்வண்ணமே, லயத்து முதியோரிடம் ஓர் எழுத்தைக் கொடுத்து, அவர்கள் பாடுவதையும் இருந்து கேட்கட்டும்.